புலி கொன்றது கணவனை; பழி விழுந்தது மனைவி மேல்

கணவன் காட்டுக்குத் தேன் எடுக்கப் போயிருக்கிறான். அவன் திரும்பி வரும் வரை வீட்டில் இருக்கும் மனைவி தலைக்கு எண்ணெய் வைக்கக் கூடாது. தலைவாரிப் பின்னக் கூடாது. சவர்க்காரம் போட்டு உடுப்புக் கழுவக் கூடாது. அடுப்பில் மிளகாய் வறுக்கக் கூடாது. அந்நியர் எவரோடும் பேச்சு வைத்துக்கொள்ளக் கூடாது. ஊருக்கு ஊர் இந்தப் பட்டியல் சிறிது கூடும், குறையும். ஆனால் அடிப்படை ஒன்றுதான்: இவற்றில் ஒன்றை மறந்துபோய்ச் செய்துவிட்டாலும் காட்டில் இருக்கும் கணவனைப் புலி பிடித்துவிடும் என்பது அங்குள்ளவர்களின் நம்பிக்கை.

இது ஏதோ கற்காலக் கதையல்ல. பங்களாதேஷின் தென்மேற்கு மூலையில், சுந்தரவனக் காட்டின் ஓரமாக உள்ள கிராமங்களில் நம் காலத்திலும் வழங்கிவரும் வழக்கம். அக்கிராமங்களில் வாழ்பவர்களில் பெரும்பான்மையினர் நம்மைப் போன்ற முஸ்லிம்கள். ஐந்து வேளையும் பாங்கொலி கேட்கும் ஊர்கள் அவை. அந்த ஊர்களில்தான், புலி அடித்துக் கணவனை இழந்த ஒரு பெண்ணை, “கணவனைத் தின்றவள்” என்று சொல்லி ஒதுக்குகிறார்கள்.

புலியைப் பற்றிப் பேசத் தொடங்கி, அந்தப் பெண்ணைப் பற்றிப் பேசாமல் விட முடியாது. ஆகவே இரண்டையும் பார்ப்போம்.

சுந்தரவனம் என்ற சதுப்புக் காடு

கங்கை, பிரம்மபுத்திரா, மேக்னா ஆகிய மூன்று பேராறுகள் வங்காள விரிகுடாவில் கலக்கும் இடத்தில் உருவானது சுந்தரவனம். சுந்தரி என்ற மரம் நிறைந்திருப்பதால் அந்தப் பெயர் வந்தது என்பர். உலகிலேயே மிகப் பெரிய கண்டல் காடுகளில் இதுவும் ஒன்று. ஏறத்தாழ 10,000 சதுர கிலோமீற்றர் பரப்புள்ள இக்காட்டில் ஐந்தில் மூன்று பங்கு பங்களாதேஷிலும் மிகுதி இந்தியாவின் மேற்கு வங்காளத்திலும் இருக்கின்றன. ஐக்கிய நாடுகளின் யுனெஸ்கோ நிறுவனம் இந்தியப் பகுதியிலுள்ள தேசிய பூங்காவை 1987இலும் பங்களாதேஷ் பகுதியை 1997இலும் உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்த்தது.

நம் நாட்டில் மட்டக்களப்பு, புத்தளம் களப்போரங்களில் கண்டல் மரங்களைப் பார்த்திருப்பீர்கள். சேற்றுக்கு மேலே ஆணி அடித்தாற்போல் மூச்சுவேர்கள் நீட்டிக்கொண்டிருக்கும். அப்படியொரு காட்டை மாவட்டக் கணக்கில் விரித்துப் பாருங்கள். அதற்குள் நூற்றுக்கணக்கான ஆறுகளும் ஓடைகளும் பின்னிக்கிடக்கின்றன. ஒரு நாளைக்கு இரண்டு தடவை கடல்நீர் உள்ளே ஏறி மீண்டும் வடிகிறது. காலையில் நடந்து போன இடம் மதியத்தில் ஆறாகிவிடும். சேறு முழங்காலளவு இழுக்கும். பத்தடிக்கு அப்பால் என்ன இருக்கிறதென்று தெரியாத அடர்த்தி.

இந்தச் சேற்றுக் காட்டில்தான் வங்கப் புலி வாழ்கிறது. புள்ளிமானும் காட்டுப்பன்றியும் அதன் உணவு. உப்பாறுகளை நீந்திக் கடப்பதில் இந்தப் புலிகள் கைதேர்ந்தவை. பங்களாதேஷ் பகுதியில் தானியங்கிக் கமெராக்களை மரங்களில் பொருத்திப் புலிகளைக் கணக்கெடுக்கிறார்கள். 2015இல் 106 புலிகள், 2018இல் 114, 2024இல் 125 என்று எண்ணிக்கை சற்றுச் சற்றாகக் கூடி வந்திருக்கிறது. இந்தியப் பகுதியிலும் ஏறக்குறைய நூறு புலிகள் உள்ளன.

புலி ஏன் மனிதனைத் தின்கிறது?

பொதுவாகப் புலிக்கு மனிதன் இரையல்ல. மனிதனின் வாடை பட்டாலே விலகிப் போகும் பிராணி அது. அப்படியிருக்க ஆட்கொல்லியாக மாறுவது ஏன்?

வட இந்தியாவின் குமாவோன் மலைப் பகுதியில் வேட்டைக்காரராக இருந்த ஜிம் கோர்பெட் இதற்கு ஒரு விடை கூறினார். நேபாளத்திலும் குமாவோனிலும் 436 பேரைக் கொன்றதாகக் கணக்கிடப்பட்ட சம்பாவத் பெண்புலியை 1907இல் அவர் சுட்டு வீழ்த்தினார். அதன் வாயைத் திறந்து பார்த்தபோது ஒரு பக்கத்து வேட்டைப்பற்கள் இரண்டும் உடைந்திருந்தன. முன்பு எவரோ சுட்ட துப்பாக்கிக் குண்டினால் வந்த ஊனம் அது. மானையும் பன்றியையும் பிடிக்க முடியாமற்போன புலி, வேகமாக ஓட முடியாத மனிதனிடம் வந்தது. காயமும் முதுமையும்தான் பெரும்பாலான ஆட்கொல்லிகளை உருவாக்குகின்றன என்பது அவரது முடிவு.

ஆபிரிக்காவிலும் இதுபோன்ற கதை உண்டு. 1898இல் கென்யாவின் சாவோ ஆற்றுக்கு மேலே புகையிரதப் பாலம் கட்டிய தொழிலாளர்களை இரண்டு சிங்கங்கள் மாதக்கணக்கில் கூடாரங்களிலிருந்து இழுத்துச் சென்றன. அத்தொழிலாளர்களில் பலர் இந்தியாவிலிருந்து கப்பலில் கொண்டுவரப்பட்டவர்கள். அந்தச் சிங்கங்களில் ஒன்றின் வேட்டைப்பல் உடைந்து, தாடை சீழ் வைத்திருந்ததைப் பிற்கால ஆய்வாளர்கள் கண்டறிந்தனர்.

நம் நாட்டில் புலி இல்லை; சிறுத்தைதான் உண்டு. அது மனிதனைத் தின்பது மிக அரிது. எனினும் மட்டக்களப்புப் பாதையிலுள்ள புனானையில் குறைந்தது 12 பேரைக் கொன்றதாகச் சொல்லப்படும் சிறுத்தையை 1924இல் ஷெல்டன் ஏகார் என்ற தோட்டத் துரை சுட்டுக் கொன்றார். “புனானை ஆட்கொல்லி” என்று பெயர் பெற்றது அதுவே.

ஆனால் சுந்தரவனத்துப் புலிகளின் விஷயம் வேறு. அங்கே மனிதரைக் கொல்லும் புலிகள் எல்லாமே கிழடுகளோ நொண்டிகளோ அல்ல. நல்ல ஆரோக்கியமான புலிகளும் மனிதரைத் தாக்குகின்றன. இதற்குப் பல காரணங்களை ஆய்வாளர்கள் முன்வைத்துள்ளனர். 1970களில் ஆய்வு செய்த ஹென்ட்ரிக்ஸ் என்ற ஜேர்மானியர், நீரில் உப்பு அதிகமான பகுதிகளிலேயே தாக்குதல்கள் கூடுதலாக நடப்பதைக் கண்டு, உப்பு நீருக்கும் புலியின் குணத்துக்கும் தொடர்பு இருக்கலாம் என்றார். புலி தன் எல்லையைச் சிறுநீரால் அடையாளமிடும். ஏறி இறங்கும் கடல்நீர் அந்த வாடையைக் கழுவிவிடுவதால் அது தன் எல்லைக்குள் வரும் எதையும் தாக்கப் பழகியிருக்கலாம் என்றனர் வேறு சிலர். சூறாவளிகளில் அடித்துவரப்பட்ட பிணங்களைத் தின்று மனித இறைச்சிக்குப் பழகியிருக்கலாம் என்றும் ஒரு கருத்து உண்டு. இவை எதுவும் முடிவாக நிரூபிக்கப்படவில்லை.

நிச்சயமான ஒன்று உண்டு. புலி மனிதரைத் தேடி ஊருக்குள் வந்து கொன்ற சம்பவங்கள் குறைவு. மனிதர் புலியின் காட்டுக்குள் போகும்போது நிகழ்ந்தவையே அதிகம். அப்படியானால், ஆபத்து என்று தெரிந்தும் மனிதர் ஏன் போகிறார்கள்?

வயிறு அனுப்புகிறது

சாத்கீரா மாவட்டத்தின் சியாம்நகர்ப் பகுதியில் காபுரா, முன்ஷிகஞ்ச் போன்ற ஊர்கள் உள்ளன. ஒருபுறம் ஆறு, மறுகரையில் காடு. ஒரு காலத்தில் நெல் விளைந்த மண் இது. 1980களிலிருந்து இறால் பண்ணைகளுக்காக வயல்களுக்குள் உப்பு நீரைப் பாய்ச்சத் தொடங்கினார்கள். ஏற்றுமதியில் பணம் பார்த்தவர்கள் பண்ணை முதலாளிகள். நெல் வயலில் நாற்று நடவும் கதிர் அறுக்கவும் பல கைகள் தேவைப்பட்டன. இறால் பண்ணைக்குச் சில கைகளே போதும். கூலி வேலையும் போயிற்று, மண்ணும் உப்பாயிற்று.

அதற்கு மேல் இயற்கையின் சோதனை. 2007 நவம்பரில் சிட்ர் சூறாவளி. 2009 மே மாதத்தில் ஐலா. ஐலாவில் அணைக்கட்டுகள் உடைந்து கடல் உள்ளே வந்தது. பல கிராமங்கள் நீண்ட காலம் நீரில் கிடந்தன. கிணறும் குளமும் உப்பாகின. 2020 மே மாதத்தில் அம்பான் சூறாவளி மீண்டும் அணைகளை உடைத்தது.

மண்ணில் ஒன்றும் விளையாதபோது மிஞ்சியிருப்பது காடுதான். வனத் திணைக்களத்தில் அனுமதிப்பத்திரம் எடுத்துக்கொண்டு மீனுக்கும் நண்டுக்கும் சிலர் போகிறார்கள். ஓலை வேய்வதற்கான கோல்பாதா வெட்டச் சிலர் போகிறார்கள். ஏப்ரல் பிறந்ததும் தேன் எடுப்போர் போகிறார்கள். இவர்களை அங்கே “மௌவால்” என்பார்கள்.

வள்ளத்துக்கும் அரிசிக்கும் பத்திரக் கட்டணத்துக்கும் கையில் காசு இருக்காது. மகாஜன் எனப்படும் கடன்காரர் முற்பணம் கொடுப்பார். “தாதொன்” என்பது அந்தக் கடனின் பெயர். கடன் வாங்கியவன் தன் தேனையும் மீனையும் அவர் சொல்லும் விலைக்கு அவருக்கே கொடுத்தாக வேண்டும். ஆகவே புலியின் காலடி கண்ட இடத்திலிருந்து திரும்பி வர அவனால் முடிவதில்லை. வெறும் வள்ளத்தோடு திரும்பினால் கடன் அப்படியே நிற்கும்.

காட்டுக்குள்

ஏழெட்டுப் பேராகச் சேர்ந்துதான் தேன் எடுக்கப் போவார்கள். தேனீ பறக்கும் திசையை அண்ணாந்து பார்த்துக்கொண்டே சேற்றில் நடக்க வேண்டும். கண் மேலே இருக்கும். புலியோ கீழே, பின்னால் இருக்கும். காய்ந்த ஓலைகளைக் கட்டிப் புகை மூட்டித் தேனீயை விரட்டி, வதையை அறுத்துக் கூடையில் சேர்ப்பார்கள். ஒருவரையொருவர் பார்க்க முடியாத அடர்த்தியில் சத்தம் கொடுத்தபடியே முன்னேறுவார்கள். மறுசத்தம் வராவிட்டால் நெஞ்சு பதறும்.

சுந்தரவனத்துப் புலி முன்னால் வந்து பாய்வது குறைவு. பின்னாலிருந்து பாய்ந்து பிடரியைக் கௌவும். இரவில் ஓடையில் கட்டியிருக்கும் வள்ளத்துக்கு நீந்தி வந்து, உறங்கும் மனிதரைத் தூக்கிச் சென்ற சம்பவங்களும் உண்டு. ஒருவரைப் புலி கொண்டுபோய்விட்டால் மற்றவர்கள் ஓடிவிடுவதில்லை. கம்பும் கத்தியும் எடுத்துக்கொண்டு, சத்தமிட்டபடி, மையித்தை மீட்கப் போவார்கள். ஜனாஸாவைக் குடும்பத்தாரிடம் ஒப்படைப்பதைத் தங்கள் கடமையாக எண்ணுகிறார்கள். சிலவேளை உடலின் ஒரு பகுதியோ ஒரு சாரமோதான் கிடைக்கும். சிலவேளை அதுவும் கிடைக்காது.

அச்சம் மனிதனை எங்கெல்லாமோ கொண்டுபோகும். அங்கே காட்டுக்குப் போகிறவர்கள், இந்துக்களும் முஸ்லிம்களுமாக, “பொன்பீபி” என்ற வனத்தலைவியின் பெயரைச் சொல்லிப் பாதுகாவல் தேடும் பழக்கம் நெடுங்காலமாக உண்டு. மக்காவிலிருந்து வந்த இப்ராஹீம் என்ற பக்கீரின் மகள் அவள் என்றும், புலி உருவெடுக்கும் தக்கின் ராய் என்ற அரக்கனை அடக்கியவள் என்றும் 19ஆம் நூற்றாண்டில் வங்காள மொழியில் எழுதப்பட்ட பாடல் நூல்கள் சொல்கின்றன. பாதுகாவல் தேட வேண்டியது அல்லாஹ் ஒருவனிடமே என்பதில் நமக்குச் சந்தேகமில்லை. மார்க்க அறிவு பரவப் பரவ அங்கும் பலர் இதை விட்டு வருகிறார்கள்.

என்றாலும் அந்தக் கதையில் ஒரு செய்தி கவனிக்கத்தக்கது. துக்கே என்ற ஏழைச் சிறுவன், ஒரு விதவைத் தாயின் ஒரே மகன். அவனைத் தேன் வியாபாரி ஒருவன் காட்டுக்கு அழைத்துச் செல்கிறான். வள்ளம் நிறையத் தேனும் மெழுகும் கிடைப்பதற்காக அந்தச் சிறுவனையே புலிக்குப் பலியாக விட்டுவிட்டுத் திரும்புகிறான். கதை கட்டியவர்களுக்கு உண்மை தெரிந்திருக்கிறது. ஏழையைப் புலியின் வாயில் கொண்டுபோய் நிறுத்துவது பேராசை பிடித்த மனிதன்தான். வீட்டில் தலைவாரிக்கொண்ட பெண்ணல்ல.

புலியை ஏமாற்றும் முயற்சிகள்

மனிதன் தன் அறிவைப் பயன்படுத்தாமலும் இருக்கவில்லை. 1980களில் இந்தியப் பகுதியில் களிமண்ணால் மனித உருவங்கள் செய்து, வியர்வை படிந்த பழைய உடுப்புகளை அணிவித்து, பற்றரியிலிருந்து மின்சாரம் பாய்ச்சிக் காட்டில் நிறுத்தினார்கள். பாய்ந்த புலிக்கு அதிர்ச்சி ஏற்பட்டு, மனிதனைத் தொடப் பயப்படும் என்பது எண்ணம்.

1986இல் இன்னொரு யோசனை வந்தது. புலி பின்னாலிருந்துதானே பாய்கிறது? தலையின் பின்புறத்தில் மனித முகமூடி ஒன்றைக் கட்டிக்கொண்டால், தன்னை ஒருவன் பார்த்துக்கொண்டிருக்கிறான் என்று அது தயங்குமல்லவா? மலிவான அந்த முகமூடி ஆரம்ப ஆண்டுகளில் நல்ல பலன் தந்தது. அணிந்தவர்களைப் புலி பின்தொடர்ந்தும் பாயாமல் விட்டதாகச் சொன்னார்கள், அணியாதவர்களே மாண்டார்கள். காலப்போக்கில் புலிகள் தந்திரத்தைப் புரிந்துகொண்டன என்றும் மக்கள் முகமூடி அணிவதில் அசட்டையானார்கள் என்றும் கூறப்படுகிறது.

புலி ஊருக்குள் நுழையாதிருக்கக் காட்டின் எல்லையில் நைலோன் வலை வேலிகள் கட்டப்பட்டன. பங்களாதேஷில் கிராமத்து இளைஞர்களைக் கொண்டே குழுக்கள் அமைக்கப்பட்டு, தவறி ஊருக்குள் வந்த புலியை அடித்துக் கொல்லாமல் காட்டுக்குத் திருப்பி விரட்டப் பயிற்சி கொடுக்கப்பட்டது. இப்படியான 49 குழுக்கள் இயங்கின. 2022 முதல் ஜூன், ஜூலை, ஆகஸ்ட் மூன்று மாதங்களும் காடு மூடப்படுகிறது. மீனும் விலங்கும் பெருக அது உதவும். ஆனால் அந்த மூன்று மாதமும் அடுப்பெரிய வேறு வழியில்லாத குடும்பங்கள் மீண்டும் கடன்காரரிடமே போகின்றன.

“கணவனைத் தின்றவள்”

இனி அந்தப் பெண்ணிடம் வருவோம். வங்காளத்தில் இவர்களை “பாக் பிதொபா”, அதாவது புலி விதவைகள் என்று அழைக்கிறார்கள். கணவன் நோயில் இறந்தால் அவள் விதவை. கடலில் மூழ்கி இறந்தாலும் அவள் விதவை. புலி அடித்து இறந்தால் மட்டும் அவள் “சுவாமி கேகோ”: கணவனைத் தின்றவள்.

செய்தி வந்த அன்றே விசாரணை தொடங்குகிறது. தலைவாரினாயா? மிளகாய் வறுத்தாயா? எவனோடு பேசினாய்? அவள் செய்யவில்லை என்று சொன்னாலும் நம்புவோர் இல்லை. புலி அடித்ததே அவள் செய்ததற்கு அத்தாட்சியாகிவிடுகிறது. மாமியார் வீட்டிலிருந்து பிள்ளைகளோடு வெளியேற்றப்பட்டவர்கள் பலர். கலியாண வீட்டுக்கு அழைக்க மாட்டார்கள். காலையில் அவள் முகத்தில் விழித்தால் காரியம் கெடும் என்பார்கள். மறுமணம் கேட்டு வர எவரும் துணிவதில்லை. பிள்ளைகளுக்கும் அந்தப் பெயர் ஒட்டிக்கொள்கிறது.

கணவன் வாங்கிய கடன் மட்டும் அவளைத் தேடி வருகிறது. அதை அடைக்க அவள் எங்கே போவாள்? இடுப்பளவு உப்பு நீரில் இறங்கி, நீல நிற நுண்வலையை இழுத்தபடி, நாள் முழுவதும் இறால் குஞ்சு பிடிக்கிறாள். அந்த ஆற்றில் முதலை உண்டு. உப்பு நீரில் நாட்கணக்கில் நிற்பதால் தோல் நோயும் பெண்களுக்கு வரும் உள்நோய்களும் சேர்கின்றன. சில வருடங்களில் அவளுடைய மகன் வளர்ந்து, வாப்பா போன அதே காட்டுக்கு வள்ளம் தள்ளுகிறான்.

மார்க்கம் என்ன சொல்கிறது?

சகோதரிகளே, இந்தப் பழிக்கு இஸ்லாத்தில் இம்மியளவும் இடமில்லை. சகுனம் பார்ப்பது பொய் என்று நபி (ஸல்) அவர்கள் தெளிவாகக் கற்பித்திருப்பதை புகாரி, முஸ்லிம் ஆகிய கிரந்தங்களில் காண்கிறோம்.

இதற்கு அவர்களது வாழ்க்கையிலேயே உள்ளத்தைத் தொடும் சான்று உண்டு. அவர்களது பாலகர் இப்ராஹீம் மரணித்த நாளில் சூரிய கிரகணம் பிடித்தது. நபியவர்களின் பிள்ளை மரணித்ததால்தான் சூரியன் இருண்டது என்று மக்கள் பேசிக்கொண்டார்கள். பிள்ளையை அடக்கிய துயரத்திலும் அவர்கள் அந்தப் பேச்சை அப்படியே விட்டுவிடவில்லை. சூரியனும் சந்திரனும் அல்லாஹ்வின் அத்தாட்சிகள். எவருடைய மரணத்துக்காகவும் வாழ்வுக்காகவும் அவற்றுக்குக் கிரகணம் பிடிப்பதில்லை என்று மக்களுக்கு விளக்கினார்கள். நபியின் மகனுக்காகச் சூரியன் இருளாது என்றால், ஓர் ஏழைப் பெண் தலைவாரியதற்காகப் புலி பாயுமா?

ஜாஹிலிய்யாக் கால அரபு நாட்டிலும் விதவையின் நிலை இதுதான். கணவனை இழந்தவளை மட்டமான உடையோடு ஒரு சிறு குடிலில் ஓராண்டு ஒதுக்கி வைப்பார்கள். இஸ்லாம் வந்து அந்தக் கொடுமையை நீக்கியது. இத்தாக் காலம் நான்கு மாதமும் பத்து நாளும் என்று அல்குர்ஆனின் இரண்டாவது அத்தியாயம் வரையறுத்தது. அது தண்டனையல்ல, இபாதத். அது முடிந்ததும் முறைப்படி தன் வாழ்வை அமைத்துக்கொள்ள அவளுக்கு உரிமை உண்டு என்றும் அதே அத்தியாயம் கூறுகிறது.

நபி (ஸல்) அவர்களின் மனைவியரைப் பாருங்கள். கதீஜா (ரழி), ஸவ்தா (ரழி), ஹப்ஸா (ரழி), உம்மு ஸலமா (ரழி) ஆகியோர் கணவனை இழந்த பெண்களாகவே அவர்களைக் கைப்பிடித்தார்கள். உம்மு ஸலமா (ரழி) அவர்களின் கணவர் உஹதுப் போரில் பட்ட காயத்தால் மரணித்தவர். அந்தப் பெண்களை இன்று நாம் “உம்முல் முஃமினீன்” என்று, விசுவாசிகளின் அன்னையர் என்று அழைக்கிறோம். விதவைகளுக்காகவும் ஏழைகளுக்காகவும் பாடுபடுபவர், அல்லாஹ்வின் பாதையில் போராடுபவரைப் போன்றவர் என்ற கருத்துடைய ஹதீஸையும் நாம் அறிவோம்.

சொத்து விஷயத்திலும் மார்க்கம் அவளைக் கைவிடவில்லை. கணவன் விட்டுச் சென்றதில் பிள்ளைகள் இருந்தால் எட்டில் ஒன்று, இல்லாவிட்டால் நான்கில் ஒன்று அவளுடைய பங்கு. மஹர் பாக்கி இருந்தால் அது அவன் பட்ட கடன். பங்கு பிரிக்கும் முன்பே கொடுக்கப்பட வேண்டும். ஆனால் சுந்தரவனத்தில் இறப்பவர்களில் பலர் இளைஞர்கள். காணி தகப்பன் பெயரில் இருக்கும். மகனுக்கென்று ஒன்றும் இருக்காது. தகப்பனுக்கு முன்பே மகன் இறந்தால், வேறு ஆண் மக்கள் இருக்கும்போது பேரப்பிள்ளைகளுக்கு வாரிசுப் பங்கு இல்லை என்பதே ஃபிக்ஹு நூல்களின் பொதுச் சட்டம். இதனால் அநாதைகள் தெருவில் நிற்பதைக் கண்டு, பாகிஸ்தான் 1961ஆம் ஆண்டின் முஸ்லிம் குடும்பச் சட்டக் கட்டளையில், இறந்த மகனின் பங்கை அவனுடைய பிள்ளைகளுக்குக் கொடுக்க விதி செய்தது. அன்று கிழக்குப் பாகிஸ்தானாக இருந்த பங்களாதேஷில் அச்சட்டம் இன்றும் நடைமுறையில் உள்ளது. ஆனால் வீட்டிலிருந்து துரத்தப்பட்டு, எழுத்தறிவும் இல்லாத ஒரு பெண் இதையெல்லாம் அறிந்து நீதிமன்றப் படியேறுவது எத்தனை பேருக்கு முடியும்?

நட்டஈடும் அனுமதிப்பத்திரமும்

அரசாங்கம் நட்டஈடு கொடுக்கிறது. பங்களாதேஷில் வனவிலங்கு தாக்கி இறந்தவரின் குடும்பத்துக்கு முன்பு ஓர் இலட்சம் டாக்கா வழங்கப்பட்டது. 2021ஆம் ஆண்டின் விதிகள் அதை மூன்று இலட்சமாக உயர்த்தின. ஆனால் இறந்தவர் அனுமதிப்பத்திரத்தோடு முறைப்படி காட்டுக்குள் போயிருக்க வேண்டும். பத்திரம் எடுக்க வழியில்லாமல் போனவரின் மனைவிக்கு ஒன்றுமில்லை. இப்படிப்பட்ட மரணங்களைச் சில குடும்பங்கள் வெளியே சொல்லவே அஞ்சுகின்றன.

எல்லைக்கு அப்பால் மேற்கு வங்காளத்திலும் இதே சிக்கல்தான். காட்டின் தடைசெய்யப்பட்ட உட்பகுதியில் இறந்தார் என்று சொல்லி நட்டஈட்டை மறுத்துவிடுவார்கள். 2023இல் கல்கத்தா உயர் நீதிமன்றம் ஒரு புலி விதவையின் வழக்கில், உட்பகுதி, வெளிப்பகுதி என்று வேறுபாடு காட்டாமல் ஐந்து இலட்சம் ரூபாய் வழங்கும்படி தீர்ப்பளித்தது. ஒரு பெண் துணிந்து கேட்டதால் மற்றவர்களுக்கும் வழி திறந்தது.

உள்ளூர்த் தொண்டு நிறுவனங்களும் இவர்களை ஒன்றுகூட்டி, தையல், ஆடு கோழி வளர்ப்பு போன்ற தொழில்களுக்கு உதவுகின்றன. தனித்தனியே வீட்டு மூலைகளில் அழுதுகொண்டிருந்த பெண்கள் ஒன்றாக உட்கார்ந்து பேசத் தொடங்கியபோதுதான், “என்மீது மட்டும் குற்றமில்லை, எல்லோரையும் இதையே சொல்லியிருக்கிறார்கள்” என்று அவர்களுக்குப் புரிந்தது. அதுவே ஒரு பெரிய விடுதலை.

நம் வீட்டு வாசலில்

இதைப் படித்துவிட்டு, “அந்த ஊர்ப் பெண்கள் பாவம்” என்று பெருமூச்சு விட்டுப் பக்கத்தைப் புரட்டிவிடலாம். ஆனால் நம் வீடுகளில் இந்தப் புலி இல்லையா?

மருமகள் வந்த வருடம் மாமனார் மௌத்தானால், “அவள் கால் வைத்த நேரம்” என்று சொல்லும் வாய்கள் நம்மிடம் இல்லையா? இத்தா முடிந்த பெண்ணைக் கலியாண வீட்டில் மணப்பெண்ணுக்குப் பக்கத்தில் வரவிடாமல் தடுக்கும் கைகள் இல்லையா? இளவயதில் கணவனை இழந்தவளுக்கு மறுமணப் பேச்சு எடுத்தால், “பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டு இருக்கட்டுமே” என்று அடக்கிவிடுவோர் இல்லையா? நம் நாட்டில் யானை தாக்கி 2019 முதல் 2024 வரை ஒவ்வோர் ஆண்டும் நூறு பேருக்கு மேல் இறந்திருக்கிறார்கள். அவர்களில் வயல் காவலுக்குப் போன ஏழைக் குடும்பத் தலைவர்கள் பலர். அவர்களுடைய மனைவியரை நாம் எப்படி நடத்துகிறோம்?

இந்த வழக்கங்களைக் கட்டிக்காப்பவர்கள் பெரும்பாலும் பெண்களே என்பதையும் மறுக்க முடியாது. சுந்தரவனத்தில் “தலைவாரினாயா?” என்று முதலில் கேட்பது மாமியாரும் நாத்தனாரும்தான். மகனை இழந்த தாயின் வேதனை எவர் மீதாவது பாயத் தேடுகிறது. புலி எட்டாத தூரத்தில் இருக்கிறது, கடன்காரர் எட்டாத உயரத்தில் இருக்கிறார், மருமகள் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறாள். பெண்களால் காக்கப்படும் வழக்கத்தைப் பெண்களால் நிறுத்தவும் முடியும். ஒரு மாமியார், “இது அல்லாஹ்வின் கத்ர், என் மருமகள் மீது குற்றமில்லை” என்று ஊரார் முன்னிலையில் சொல்லிவிட்டால், அதற்கு மேல் பேச எந்த வாய்க்குத் துணிவு வரும்?

உங்கள் தெருவில் கணவனை இழந்த ஒரு பெண் இருப்பாள். அடுத்த கலியாணத்துக்கு அவளை நேரில் போய் அழையுங்கள். அழைத்தால் மட்டும் போதாது. முன்வரிசையில் உட்கார வையுங்கள். அவளுடைய மஹர், வாரிசுப் பங்கு ஒழுங்காகக் கிடைத்ததா என்று வீட்டு ஆண்களை விசாரிக்கச் சொல்லுங்கள். ஸகாத், ஸதகா பிரிக்கும்போது, கேட்டு வர வெட்கப்படும் அந்த வாசலை முதலில் நினையுங்கள்.

காட்டுப் புலி பசிக்குக் கொல்கிறது. அதற்குப் பகுத்தறிவு கொடுக்கப்படவில்லை. நாவுக்குப் பகுத்தறிவு உண்டு. நாளை அதைப் பற்றிக் கேள்வியும் உண்டு. எந்தப் பெண்ணின் கண்ணீருக்கும் நம் நாவு காரணமாகாமல் வல்ல அல்லாஹ் நம்மைக் காப்பானாக! சுந்தரவனத்து விதவைகளுக்கும் அவர்களது அநாதைப் பிள்ளைகளுக்கும் அவன் கண்ணியமான வாழ்வை அருள்வானாக! ஆமீன்.